யமாமாவின் கோதுமையும் ‘கேப்டன் அலி’யின் மூட்டைகளும்



திருத்தணியில் நாம் நடத்திவரும் மாலை மத்ரஸா வகுப்பில், அண்மையில் சீறாப் பாடம் அபூதாலிப் கணவாய் நிகழ்ச்சியை எட்டியது. குறைஷியர் ஒப்பந்தம் எழுதி, ஹாஷிம் குலத்தாருடனும் முத்தலிப் குலத்தாருடனும் கொடுக்கல் வாங்கலை நிறுத்தி, ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் அவர்களைப் பசியில் வாடவிட்ட வரலாறு அது. இலைதழைகளைத் தின்று உயிர் வாழ்ந்தார்கள் என்று சொன்னபோது, பிள்ளைகள் அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தார்கள். “இன்று இப்படி எங்கேனும் நடக்கிறதா?” என்று கேட்டோம். “காஸாவில், ஹஜ்ரத்” என்று பல குரல்கள் ஒரே நேரத்தில் எழுந்தன. 2010 மே 31 அன்று காஸாவுக்கு நிவாரணம் கொண்டு சென்ற ‘மாவி மர்மரா’ கப்பலைப் பற்றியும் ஒரு மாணவன் சரியாகச் சொன்னான். இஸ்ரேலியப் படை அதைச் சர்வதேசக் கடற்பரப்பில் தாக்கியதையும் அவன் அறிந்திருந்தான்.

அடுத்து, “கேப்டன் அலி என்ற கப்பலைப் பற்றித் தெரியுமா?” என்று கேட்டோம். ஒருவருக்கும் தெரியவில்லை. மாலையில் பிள்ளைகளை அழைத்துப்போக வந்த தந்தையரிடமும் கேட்டோம். அவர்களுக்கும் தெரியவில்லை. மாவி மர்மராவுக்கு ஏறக்குறைய ஓராண்டு முன்பு, நம் சென்னைத் துறைமுகத்துக்கு வெளியே வாரக்கணக்கில் காத்து நின்ற கப்பல் அது. இந்த மறதியைப் பற்றித்தான் இன்று உங்களோடு பேச விரும்புகிறோம்.

இலங்கையில் இறுதிப்போர் வன்னியை விழுங்கிக்கொண்டிருந்த காலத்தில், ஐரோப்பாவில் வாழும் ஈழத் தமிழர்கள் வீடு வீடாக அரிசி, பருப்பு, மாவு, மருந்து என்று சேகரித்தார்கள். ‘வணங்காமண்’ என்று பெயரிடப்பட்ட அந்த முயற்சியில் சேர்ந்த 884 டன் பொருள்களைச் சுமந்துகொண்டு, 2009 மே மாதத்தில் பிரான்ஸிலிருந்து புறப்பட்ட கப்பலின் பெயர் ‘கேப்டன் அலி’. அது கடலில் இருக்கும்போதே மே 18, 19 நாள்களில் போர் முடிந்துவிட்டது. ஆனால் பசி முடியவில்லை. ஏறக்குறைய மூன்று இலட்சம் மக்கள் வவுனியாப் பகுதியில் முள்வேலி முகாம்களுக்குள் அடைபட்டிருந்தார்கள். ஜூன் 4 அன்று இலங்கைக் கடற்படை கப்பலை மறித்துச் சோதனையிட்டது. ஆயுதம் எதுவும் அகப்படவில்லை. ஆயினும் பொருள்களை இறக்க அனுமதிக்காமல் திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஜூன் 12 அளவில் அது சென்னைக்கு அருகே வந்து நங்கூரமிட்டது. பேச்சுவார்த்தைகளுக்குப் பிறகு, சென்னையில் சரக்கு இறக்கப்பட்டு, வேறொரு கப்பலில் செஞ்சிலுவைச் சங்கத்தின் பெயருக்குக் கொழும்பு சென்றது. அங்கும் கட்டணம், அனுமதி என்ற பெயரில் மாதக்கணக்கில் துறைமுகத்திலேயே தேங்கிக் கிடந்தது. பசித்தவருக்கென்று கட்டப்பட்ட மூட்டை பசித்தவர் கைக்குச் சேர அத்தனை தடைகள்!

இந்தத் தடை 2009-இல் திடீரென்று முளைத்ததன்று. 1987-இன் தொடக்கத்திலேயே யாழ்ப்பாணத்துக்கு எரிபொருள் நிறுத்தப்பட்டது. அவ்வாண்டு ஜூன் 3 அன்று, இராமேஸ்வரத்திலிருந்து 19 படகுகளில் இந்தியா அனுப்பிய நிவாரணப் பொருள்களை இலங்கைக் கடற்படை நடுக்கடலில் திருப்பி அனுப்பியது. மறுநாள் இந்திய விமானப்படையின் ஐந்து ஏ.என். 32 விமானங்கள், மிராஜ் போர்விமானங்கள் துணைவர, ஏறத்தாழ 25 டன் உணவையும் மருந்தையும் யாழ்ப்பாணத்தின் மீது வானிலிருந்து போட்டன. ‘பூமாலை’ என்று பெயர் பெற்ற நடவடிக்கை இதுவே.

1990 ஜூனில் போர் மீண்டும் மூண்டபின் வந்த பொருளாதாரத் தடை இன்னும் கடுமையானது. பெட்ரோல், டீசல், சிமெண்ட், உரம், மின்கலம் முதலியவை யாழ்ப்பாணத்துக்குள் செல்லத் தடை விதிக்கப்பட்டது. மருந்துகளுக்கும் கட்டுப்பாடு இருந்தது. மின்சாரம் இல்லை. ஜாம் போத்தலுக்குள் சிறிது மண்ணெண்ணெய் ஊற்றித் திரியிட்ட விளக்கில் பிள்ளைகள் பரீட்சைக்குப் படித்தார்கள். சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் பிறந்த மின்சாரத்தில் வானொலிச் செய்தி கேட்டார்கள். சில துளி பெட்ரோலைக் காட்டி இயந்திரத்தை முடுக்கி, பிறகு மண்ணெண்ணெயில் வண்டி ஓட்டினார்கள். அரசு உணவை முற்றாக நிறுத்திவிடவில்லை. கப்பலில் அரிசியும் மாவும் சென்றன. ஆனால் எவ்வளவு செல்லும், எப்போது செல்லும் என்பது போரின் போக்கைப் பொறுத்திருந்தது.

தரைவழி மூடப்பட்டிருந்ததால், குடாநாட்டு மக்கள் கிளாலிக் கடல்நீரேரியை இரவில் சிறு படகுகளில் கடந்தார்கள். நோயாளிகள், மாணவர்கள், ஓய்வூதியம் வாங்கப் போகும் முதியவர்கள், ஒரு மூட்டைச் சரக்கோடு பிழைக்கப் பார்த்த சிறு வியாபாரிகள் என்று எல்லோரும் அந்தப் படகுகளில் இருந்தார்கள். 1993 ஜனவரி 2 இரவு கடற்படை தாக்கியதில் அவ்வாறு சென்ற பொதுமக்கள் பலர் அந்த நீரிலேயே உயிரிழந்தார்கள். 2002-இல் ஏ-9 நெடுஞ்சாலை திறந்தபோது மக்கள் மூச்சு விட்டார்கள். 2006 ஆகஸ்டில் அது மீண்டும் மூடப்பட்டது.

நம் ஊர் ஆந்திர எல்லையை ஒட்டியது. 1960-இல் சென்னை மாநிலத்தோடு சேரும்வரை திருத்தணியே சித்தூர் மாவட்டத்தில்தான் இருந்தது. எல்லைக்கோடு இடம் மாறியது. ஆனால் நகரிக்கும் திருத்தணிக்கும் இடையே காய்கறி வண்டி நிற்கவில்லை. 2020 ஊரடங்கில் சோதனைச் சாவடிகள் இறுகிய சில வாரங்களிலேயே நம் வீடுகளில் எவ்வளவு கவலை! அந்தச் சில வாரங்களைப் பல ஆண்டுகளாகப் பெருக்கி, மேலே குண்டு வீச்சையும் சேர்த்து எண்ணிப் பாருங்கள். பொருளாதாரத் தடை என்ற சொல்லின் பொருள் அப்போது விளங்கும்.

இவற்றையெல்லாம் ஜமாஅத்தின் மூத்தவர் ஒருவரிடம் சொன்னபோது, அவர் வெளிப்படையாகவே கேட்டார்: “ஹஜ்ரத், நம்ம ஜனங்களைத் துரத்தினவங்க அவங்க. அவங்க பட்டினிக்கு நாம ஏன் அழணும்?”

இந்தக் கேள்வியை நாம் கடந்து போக விரும்பவில்லை. அதில் உண்மையான காயம் இருக்கிறது. 1990 ஆகஸ்ட் 3 அன்று காத்தான்குடியில் இரண்டு பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்டோரை விடுதலைப் புலிகள் சுட்டுக் கொன்றார்கள். அவ்வாண்டு அக்டோபரில் வடக்கின் ஐந்து மாவட்டங்களிலிருந்தும் முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டார்கள். அக்டோபர் 30 அன்று யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்குக் கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டே மணி நேரம். தலைமுறைகளாகச் சோனகர் தெருவில் வாழ்ந்தவர்கள் நகையையும் பணத்தையும் பறிகொடுத்து, உடுத்திய உடையோடு நடந்தார்கள். எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் புத்தளம் முதலிய இடங்களில் ஓலைக் கொட்டில்களில் வாழ்க்கையைத் தொடங்கினார்கள். பலருடைய பேரப்பிள்ளைகளும் அங்கேதான் பிறந்தார்கள். இதை மறக்கச் சொல்ல எவருக்கும் உரிமை இல்லை.

ஆனால் துரத்தியவர் யார், பட்டினி கிடந்தவர் யார் என்று பிரித்துப் பார்க்கும் கடமை நமக்கு உண்டு. துரத்தியது துப்பாக்கி ஏந்திய ஓர் இயக்கம். பட்டினி கிடந்தது ஜாம் போத்தல் விளக்கில் படித்த பிள்ளை. அந்தப் பிள்ளையிடம் எவரும் கருத்துக் கேட்கவில்லை. யாழ்ப்பாணத் தமிழர்களிடையிலிருந்தே, மனித உரிமைகளுக்கான பல்கலைக்கழக ஆசிரியர்கள் அமைப்பினர், உயிருக்கு ஆபத்து இருந்தும் முஸ்லிம்களின் வெளியேற்றத்தை அநீதி என்று பதிவு செய்தார்கள். ஓர் ஆத்மா இன்னோர் ஆத்மாவின் பாவச் சுமையைச் சுமக்காது என்பது நாம் அன்றாடம் ஓதும் வேதத்தின் போதனை. ஒரு கூட்டத்தார் மீதுள்ள வெறுப்பு உங்களை நீதியிலிருந்து விலக்கிவிட வேண்டாம் என்ற கருத்து ஸூரா அல்மாயிதாவில் வருகிறது. நீதி எளிதாக இருக்கும் இடத்துக்காக அந்த வசனம் அருளப்படவில்லை. வெறுப்புக்குக் காரணம் இருக்கும் இடத்துக்காகவே அருளப்பட்டது.

அந்த மூத்தவருக்கு நாம் சொன்ன பதில் ஸுமாமா பின் உஸால் (ரலி) அவர்களின் வரலாறு.

ஸுமாமா, யமாமாவின் பனூ ஹனீஃபா குலத்தலைவர். கைதியாக மதீனாவுக்குக் கொண்டுவரப்பட்டு, பள்ளிவாசல் தூணில் கட்டப்பட்டார். மூன்று நாள்களுக்குப் பின் நபி (ஸல்) அவர்கள் எந்த ஈடும் பெறாமல் அவரை விடுவித்தார்கள். விடுதலை பெற்றவர் குளித்துவிட்டு வந்து இஸ்லாத்தை ஏற்றார். பின்னர் உம்ராவுக்காக மக்கா சென்றபோது குறைஷியர் அவரை ஏளனம் செய்தார்கள். இறைத்தூதரின் அனுமதி இல்லாமல் யமாமாவிலிருந்து ஒரு கோதுமை மணியும் இனி உங்களுக்கு வராது என்று அவர் சொல்லிவிட்டார். சொன்னபடியே செய்தார். மக்காவின் தானியம் யமாமாவிலிருந்து வந்தது. ஊர் தவித்தது. குறைஷியர் நபி (ஸல்) அவர்களுக்கே முறையிட்டு எழுதினார்கள். உறவைப் பேணச் சொல்பவரின் பெயரால் உறவினர் பட்டினி கிடக்கலாமா என்பது அந்த முறையீட்டின் சாரம்.

இங்கே சற்று நின்று யோசியுங்கள். முறையிட்டவர்கள் யார்? கணவாயில் மூன்றாண்டு பட்டினி போட்டவர்கள். ஊரைவிட்டுத் துரத்தியவர்கள். வீடுகளையும் சொத்துகளையும் அபகரித்தவர்கள். பத்ரிலும் உஹதிலும் வாளேந்தி வந்தவர்கள். அவர்கள் இன்னும் மனம் மாறவில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. இத்தனைக்கும் தடையைப் போட்டவர் நபி (ஸல்) அவர்கள் மீது கொண்ட அன்பினால் போட்டார். ஆயினும் நபி (ஸல்) அவர்கள் ஸுமாமாவுக்கு எழுதிய கட்டளை, தானியத்தை விட்டுவிடுங்கள் என்பதுதான். பசியின் வலியை அறிந்தவர்கள் என்பதால் பழிதீர்க்க அதை எடுத்துக்கொள்ளவில்லை. துரத்தப்பட்டவர்களின் சமுதாயமாகிய நமக்கு இதைவிடத் தெளிவான வழிகாட்டுதல் எது?

படித்த இளைஞர் ஒருவர் இதற்கும் ஒரு மறுப்புச் சொன்னார். குறைஷியரின் வணிகக் கூட்டங்களை முஸ்லிம்கள் மறிக்கவில்லையா? போரில் எதிரியின் வரத்தைத் தடுப்பது எல்லா அரசுகளும் செய்வதுதானே? சிமெண்ட் போனால் பதுங்குகுழி கட்டுவார்கள், மின்கலம் போனால் வெடிகுண்டுக்குப் பயன்படும் என்றுதானே இலங்கை அரசு சொன்னது?

நியாயமான கேள்வி. வணிகக் கூட்டம் போர் நடத்தும் தலைவர்களின் செல்வம். யமாமாவின் தானியம் ஊர் மக்களின் உணவு. முன்னதை மறித்ததற்கும் பின்னதை விடச் சொன்னதற்கும் இடையே ஓர் எல்லைக்கோடு இருக்கிறது. போகும் மூட்டைகளில் ஆயுதம் இருக்கிறதா என்று அவிழ்த்துப் பார்க்க அரசுக்கு உரிமை உண்டு. அவிழ்த்துப் பார்த்து, உள்ளே பால்மாவும் மருந்தும் மட்டுமே இருக்கக் கண்டபின்பும் திருப்பி அனுப்ப உரிமை இல்லை. படை புறப்படும்போது கனிமரங்களை வெட்டாதீர்கள், உண்பதற்கன்றி கால்நடைகளை அறுக்காதீர்கள் என்று அபூபக்கர் (ரலி) அவர்கள் தளபதிக்கு அறிவுறுத்தினார்கள். உலகச் சட்டம் இதே இடத்துக்கு மிகத் தாமதமாக வந்து சேர்ந்தது. உள்நாட்டுப் போரில் பொதுமக்களைப் பட்டினி போடுவதை ஜெனீவா உடன்படிக்கைகளின் 1977-ஆம் ஆண்டு இரண்டாம் கூடுதல் நெறிமுறை தடை செய்தது. அதைப் போர்க்குற்றமாகச் சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தின் ரோம் சட்டத்தில் சேர்க்க 2019 ஆகிவிட்டது.

தராசின் மறு தட்டையும் மறைக்கக் கூடாது. 2009-இல் வன்னி மக்களைத் தப்பிச் செல்ல விடாமல் தடுத்ததும், அவர்களைக் கேடயமாக்கியதும் புலிகளே. உணவையும் மருந்தையும் போதிய அளவு அனுப்பாமல் வாட்டியது அரசு. ஐ.நா. பொதுச் செயலாளர் நியமித்த நிபுணர் குழு 2011-இல் வெளியிட்ட அறிக்கை இவ்விரண்டையும் சேர்த்தே சொன்னது. அந்த நாள்களில் புதுமாத்தளன் கரையிலிருந்து காயமடைந்தவர்களைச் செஞ்சிலுவைச் சங்கக் கப்பல் ஏற்றிச் சென்றது. உயிர் பிழைத்த ஆயிரக்கணக்கானோர் அந்தக் கப்பலுக்கு இன்றும் நன்றி சொல்கிறார்கள்.

தடையைத் தாண்டி உணவு கொண்டு சென்றவர்களை இஸ்லாமிய வரலாறு எப்படி நினைவு வைத்திருக்கிறது என்றும் பாருங்கள். ஹகீம் பின் ஹிஸாம் தம் அத்தை கதீஜா (ரலி) அவர்களுக்குக் கோதுமை கொண்டு போனார். அபூஜஹ்ல் வழிமறித்தான். அபுல் பக்தரீ குறுக்கிட்டு, அவர் அத்தையின் உணவை அவரிடம் சேர்க்க விடு என்றார், கைகலப்பே நடந்தது. ஹிஷாம் பின் அம்ர் இரவில் ஒட்டகத்தில் உணவேற்றி வந்து, கணவாயின் வாயிலில் கடிவாளத்தை அவிழ்த்து, விலாவில் தட்டி உள்ளே ஓட்டிவிடுவார். ஹிஷாமும் அபுல் பக்தரீயும் முத்இம் பின் அதீ போன்றோரும் சேர்ந்துதான் கடைசியில் அந்த ஒப்பந்தத்தைக் கிழிக்க முன்வந்தார்கள். அப்போது இவர்களில் எவரும் முஸ்லிம் அல்லர். பத்ர் போரில், எதிரணியில் நின்ற அபுல் பக்தரீயைக் கொல்ல வேண்டாம் என்று நபி (ஸல்) அவர்கள் சொன்னார்கள். முத்இம் உயிரோடு இருந்து கேட்டிருந்தால் கைதிகள் அனைவரையும் விட்டிருப்பேன் என்ற கருத்தில் பேசினார்கள். கொண்டு வந்தவரின் கொள்கையை அவர்கள் கேட்கவில்லை. கொண்டு வந்த உணவை மறக்கவும் இல்லை.

தடையைத் தாண்டியவர் எல்லோரும் ஹிஷாம் பின் அம்ர் ஆகிவிடமாட்டார் என்பதும் உண்மை. எந்த முற்றுகையிலும் ஒரு லிட்டர் மண்ணெண்ணெயைப் பல மடங்கு விலைக்கு விற்றுக் கொழுத்தவர்கள் இருப்பார்கள். உயிரைப் பணயம் வைத்துப் படகோட்டியவர் தம் உழைப்புக்குரியதைப் பெறுவது வேறு. பஞ்சத்தை எதிர்பார்த்துப் பதுக்குவது வேறு. பதுக்குபவன் பாவி என்பது நபிமொழியின் தீர்ப்பு. வெங்காய விலை ஏறும் என்று கிடங்கைப் பூட்டும் நம் கடைக்காரச் சகோதரர்களுக்கும் அது பொருந்தும்.

இன்னொரு கசப்பையும் சொல்லியாக வேண்டும். யமனில் 2015 முதல் சவூதி தலைமையிலான கூட்டணி துறைமுகங்களை இறுக்கியது. 2017 நவம்பரில் அவற்றை முழுதாகவே மூடியது. அதே யமனில் தஇஸ் நகரை ஹூதிகள் முற்றுகையிட்டார்கள். சூடானின் அல்ஃபாஷிர் நகரை 2024 மே முதல் துணை இராணுவப் படை முற்றுகையிட்டதில் மக்கள் கால்நடைத் தீவனத்தைத் தின்றார்கள். முற்றுகையிட்டவரும் முஸ்லிம், பசித்தவரும் முஸ்லிம். காஸாவுக்காக ஜும்ஆவில் கண்ணீரோடு துஆ கேட்கும் நாம், இவற்றுக்காக எத்தனை முறை கையேந்தினோம்? எதிரி யார் என்று பார்த்துத்தான் நம் கண்ணீர் வருகிறது என்றால், அது பசித்தவருக்கான கண்ணீர் அல்ல. வாங்கும்போது நிறைய அளந்து, கொடுக்கும்போது குறைத்து அளப்பவர்களுக்குக் கேடு என்று ஒரு ஸூராவே இறங்கியிருக்கிறது. அது மளிகைக்கடைத் தராசுக்கு மட்டும் உரியதென்று நாம் எண்ணிவிடக் கூடாது.

இனி நாம் செய்யக்கூடியது என்ன?

நம் திருவள்ளூர் மாவட்டத்திலேயே, கும்மிடிப்பூண்டியில் இலங்கைத் தமிழர் முகாம் இருக்கிறது. 1990-இன் போரில் படகேறி வந்தவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அங்கே வாழ்கிறார்கள். 2021-இல் தமிழ்நாடு அரசு இத்தகைய முகாம்களை ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றியது. பெயர் மாறினாலும் குடியுரிமை வரவில்லை. 2019-இன் குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் முஸ்லிமுக்கு இடமில்லை என்று நாம் தெருவில் நின்றோம். அதே சட்டத்தில் ஈழத் தமிழருக்கும் இடமில்லை என்பதை நம்மில் எத்தனை பேர் சேர்த்துச் சொன்னோம்? அந்த முகாமுக்குக் குடும்பத்தோடு ஒருமுறை போய் வாருங்கள். ஒரு மூதாட்டியிடம் கிளாலியைப் பற்றிக் கேளுங்கள். ஸதக்காவை முஸ்லிம் அல்லாதோருக்கும் கொடுக்கலாம் என்பதில் மார்க்க அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு இல்லை. ஒரு பிள்ளையின் கல்லூரிக் கட்டணத்தை ஒரு ஜமாஅத் ஏற்றுக்கொள்வது பெரிய சுமையும் அல்ல.

ரமளானில் நம் பள்ளிவாசல்களில் நோன்புக் கஞ்சி வாங்கத் தூக்குவாளியோடு வரும் பிள்ளையிடம், நீ எந்த மதம் என்று எவரும் கேட்பதில்லை. திருத்தணியிலும் அப்படித்தான். மலைக்கு வந்த யாத்திரிகரும் சில நாள் வரிசையில் நிற்பார். கஞ்சி அண்டாவின் முன்னால் நாம் இயல்பாகக் கடைப்பிடிக்கும் அந்த நீதியை, செய்தித்தாளின் முன்னாலும் கடைப்பிடிக்க வேண்டும். நாம் கேட்பது இவ்வளவுதான்.

அடுத்த வாரம் வகுப்பில் ஸுமாமா (ரலி) அவர்களின் பாடத்தோடு ‘கேப்டன் அலி’யின் கதையையும் சேர்த்தே நடத்தவிருக்கிறோம், இன்ஷா அல்லாஹ். உங்கள் வீட்டிலும் இரவு உணவின்போது பிள்ளைகளுக்கு இரண்டையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

யா அல்லாஹ்! புத்தளத்தின் கொட்டில்களில் வளர்ந்தவர்களுக்கும், வன்னியின் பதுங்குகுழிகளில் வளர்ந்தவர்களுக்கும் நீதியை வழங்குவாயாக. பசித்தவர் யாராயினும் அவருக்காக வருந்தும் உள்ளத்தை எங்களுக்குத் தருவாயாக. எங்கள் கைகளால் எவருடைய உணவும் தடைபடாமல் காப்பாயாக. ஆமீன்.